அடிக்குரலில் ஓர் அரசன்

போரிஸ் கிறிஸ்டோஃபின் குரல் பெரிய குரல் அல்ல. பாஸ் பாடகர் என்றதும் ஜன்னல் அதிரும் முழக்கத்தை எதிர்பார்த்து இசைத்தட்டைப் போடுகிறவர்கள் முதல் ஐந்து நிமிஷம் ஏமாந்துதான் போவார்கள். அவருக்குப் பின் வந்த இன்னொரு பல்கேரியர் நிகோலாய் கியாவ்ரோவின் செழுமை இதில் கிடையாது. கொஞ்சம் மூக்கொலிகூட உண்டு. ஆனால் இருவரையும் கேட்டுவிட்டுப் படுத்தால் என் தூக்கத்தைக் கெடுப்பவர் கிறிஸ்டோஃப்தான்.

பிறந்தது ப்ளோவ்டிவ் நகரில், 1914இல். படித்தது சட்டம். சோஃபியாவில் குஸ்லா பாடகர் குழுவில் பாடிக்கொண்டிருந்தவரை மன்னர் மூன்றாம் போரிஸ் உதவித்தொகை கொடுத்து இத்தாலிக்கு அனுப்பிவைத்தார். அலெக்சாண்டர் நெவ்ஸ்கி தேவாலயத்திலும் பாடியவர். அந்தத் தேவாலயத்தின் வழிபாட்டில் வாத்தியம் கிடையாது, மனிதக் குரல் மட்டும்தான். சொல்லை அழுத்தாமலே கனக்கவைக்கும் வித்தை அங்கேதான் படிந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம். ரோமில் ஸ்திராச்சாரியிடம் பாடம், போரின் முடிவில் ஆஸ்திரியாவில் முகாம் வாசம், 1946இல் ரெஜ்ஜோ கலாப்ரியாவில் முதல் ஓபரா மேடை. மூன்றே வருஷத்தில் லண்டன் கோவென்ட் கார்டனில் அவர் போரிஸ் கொடுனோவ் வேஷத்தில்.

1950இல் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஓபரா 'டான் கார்லோ'வின் பிலிப் மன்னன் வேஷத்துக்கு அழைத்தது. கம்யூனிஸ்டுகளைத் தடுக்க அப்போதுதான் வந்திருந்த மெக்காரன் சட்டம் குறுக்கே நின்றது. பல்கேரியருக்கு விசா கிடைக்கவில்லை. வேஷம் சேஸரே சியேப்பிக்குப் போனது. 1956இல் சான் ஃபிரான்சிஸ்கோ அவரைக் கேட்டது. மெட்ரோபாலிட்டன் கடைசிவரை கேட்கவில்லை. நஷ்டம் யாருக்கு என்பது எனக்குத் தெரியும்.

முசோர்க்ஸ்கியின் 'போரிஸ் கொடுனோவ்' ஓபராவை அவர் இரண்டு முறை முழுமையாகப் பதிவு செய்தார். இரண்டிலும் ஜார் மன்னன், கிழத் துறவி பிமென், குடிகார வர்லாம் என மூன்று வேஷமும் அவருக்கே. இது கர்வம்தான், சந்தேகமில்லை. ஆனால் 1952 பதிவில் மடத்து அறைக் காட்சியைப் போட்டுப் பாருங்கள். தந்திக்கருவிகள் இறகுப் பேனா ஊர்வதுபோல வளைந்து வளைந்து போகின்றன. அதன்மேல் பிமெனின் குரல் உலர்ந்து, ஈரமே இல்லாமல் வருகிறது. அடுத்து எல்லைச் சத்திரத்தில் வர்லாம் கசான் போர்க் கதையை இரைந்து பாடும்போது தொண்டையே வேறு. பெயர்ப் பட்டியலைப் பார்க்காதவர் ஒரே ஆள் என்று சத்தியமாக நம்பமாட்டார்.

ஜார் மன்னனுக்கு மூன்றாவது குரல். சாகும் காட்சியில் மகனைப் பக்கத்தில் இருத்திப் பேசும்போது அது கிட்டத்தட்ட மூச்சாகிவிடுகிறது. அந்த மெல்லிய இழையிலும் சுருதி அசையவில்லை, ஒரு மெய்யெழுத்தும் தேயவில்லை. கத்துவது சுலபம், மந்திர ஸ்தாயியில் இவ்வளவு சன்னமாக நிற்பதற்கு நெஞ்சில் எத்தனை காற்று வேண்டும்! 1962 பதிவில் ஸ்டீரியோ உண்டு, ஆனால் விம்மலும் இளைப்பும் கொஞ்சம் மிகை. நான் பழையதையே எடுக்கிறேன்.

இதே வித்தையை ஓபராவுக்கு வெளியே கேட்க வேண்டுமானால், 1950களில் அவர் முசோர்க்ஸ்கியின் தனிப்பாடல்கள் அனைத்தையும் பதிந்த தொகுப்பு இருக்கிறது. அதில் ஒரு தாலாட்டு. நோயில் கிடக்கும் குழந்தை, விடிய விடிய விழித்திருந்த தாய், கதவைத் தட்டி உள்ளே வரும் மரணம். தாய்க்குப் பதறும் குரலைக் கொடுக்கிறார். பதறப் பதற அவள் குரல் கிழிகிறது. மரணமோ அவசரப்படுவதே இல்லை. ஒவ்வொரு முறையும் அதே தாலாட்டு வரி, அதே நிதானம். கடைசி முறை அது தாயின் குரலைவிட இதமாக இருக்கிறது.