டாங்டுட்டும் தடையும்: ரோமா இரமா, இனுல் டாரடிஸ்டா

டாங்டுட் இந்தோனேசியாவின் வெகுமக்கள் இசை. மலாய் இசைக்குழுக்களின் பாடல்முறை, இந்தித் திரையிசை, அரபு இசை, மேற்கத்திய ராக் ஆகியவை கலந்து உருவானது. தபலாவை ஒத்த ஒரு தாளக்கருவியில் எழும் 'டாங்', 'டுட்' என்ற ஒலிகளே அதன் பெயரானது. மேல்தட்டினர் கேலியாகச் சொன்ன பெயர் அது. பாடகர்கள் அதையே தங்கள் அடையாளமாக்கிக்கொண்டனர்.

அவர்களில் முதன்மையானவர் ரோமா இரமா. 1970-ல் சொனேட்டா குழுவைத் தொடங்கினார். மின்கிதாரின் உரத்த ஓசையையும் இஸ்லாமிய அறவுரையையும் ஒரே மேடையில் இணைத்தது அவர் சாதனை. அதைச் சிறுமைப்படுத்தி அவரை விமர்சிக்க முடியாது. 1977 தேர்தலில் அவர் சுகார்த்தோவின் கோல்கார் அணியை எதிர்த்து, இஸ்லாமியக் கட்சியான பி.பி.பி.க்காகப் பிரச்சாரம் செய்தார். அதன்பின் ஏறத்தாழ பதினோரு ஆண்டுகள் அரசுத் தொலைக்காட்சியில் அவருக்கு இடமில்லை. அன்று நாட்டில் வேறு தொலைக்காட்சியும் இல்லை. ஒலிநாடாவும் திரைப்படமும்தான் அவரை மக்களிடம் கொண்டு சேர்த்தன. மனித உரிமையைப் பற்றி அவர் பாடியதும் இந்தக் காலத்தில்தான்.

இனுல் டாரடிஸ்டாவும் அதே போன்ற குறுக்குவழியில் வந்தவரே. கிழக்கு ஜாவாவின் பாசுருவானைச் சேர்ந்த இவர் ஊர்க் கல்யாண மேடைகளில் பாடி ஆடினார். யாரோ படம்பிடித்த குறுந்தகடுகள் சந்தைகளில் விற்றன, இனுல் நாடறிந்தவரானார். துளைபோடும் கருவிபோல இடுப்பைச் சுழற்றும் அவரது ஆட்டம் 'ஙெபோர்' எனப்பட்டது. 2003-ல் ரோமா அவரைக் கடுமையாகக் கண்டித்தார். டாங்டுட்டின் மதிப்பைக் கெடுத்துவிட்டார் என்பது குற்றச்சாட்டு. தன் பாடல்களை இனுல் பாடக்கூடாது என்றும் சொன்னார். முன்னாள் குடியரசுத் தலைவர் அப்துர்ரஹ்மான் வாஹித், தானே ஓர் இஸ்லாமிய அறிஞராக இருந்தும், இனுல் பக்கம் நின்றார்.

ரோமாவின் வாதத்தில் வரலாறு விடுபட்டுப்போகிறது. பெண்கள் பாடி ஆடும் தாயுப், ஜாய்ப்பொங்கான் போன்ற வடிவங்கள் ஜாவாத் தீவில் முன்பே இருந்தவை. இனுல் புதிதாக எதையும் கொண்டுவரவில்லை. ஊர் மேடையில் நடந்தது நகரத்து வரவேற்பறைக்கு வந்தது, அவ்வளவுதான். திரையில் தோன்ற முடியாமல் போவது என்றால் என்ன என்று அறிந்த ஒருவரே இன்னொருவரை விலக்கக் கேட்டது உறுத்துகிறது.

ஆனால் இனுலை விடுதலையின் சின்னமாகக் கொண்டாடியவர்களும் அவர் பாட்டைக் கேட்டதாகத் தெரியவில்லை. சண்டை முழுக்க இடுப்பைப் பற்றியே நடந்தது. குரலைப் பற்றிப் பேச்சே இல்லை. சுகார்த்தோவுக்குப்பின் பெருகிய தனியார் தொலைக்காட்சிகளுக்கு அது வசதியாக இருந்தது. அடுத்து வந்த பாடகிகள் ஒவ்வொருவருக்கும் பெயர் சூட்டிய ஓர் ஆட்டம் தேவைப்பட்டது. டேவி பெர்சிக்கின் ஆட்டம் 'ரம்பம்' எனப்பட்டது. 2006-ல் ஆபாசத் தடை மசோதாவை ரோமா ஆதரித்தார். இனுல் எதிர்ப்புப் பேரணியில் நடந்தார். 2008-ல் அது சட்டமானது.