மனோரமாவின் பேச்சுத்தமிழ்: சான்றும் நடிப்பும்

சென்னைத் தமிழை ஆராய்வோர் மனோரமாவின் (1937–2015) உரையாடல்களையும் பாடல்களையும் மொழித்தரவாகக் கொள்வதுண்டு. இவ்வழக்கம் மறுஆய்வுக்குரியது. அவர் சென்னையில் பிறந்தவரல்லர். மன்னார்குடியில் பிறந்து, காரைக்குடியை அடுத்த பள்ளத்தூரில் வளர்ந்தவர். ‘பள்ளத்தூர் பாப்பா’ என்னும் பெயரில் நாடக மேடையில் பாடியும் நடித்தும் பழகிய பின்னரே, 1958இல் ‘மாலையிட்ட மங்கை’ வழியே திரைக்கு வந்தார். ‘ஆச்சி’ என்று நாடே அவரை அழைத்ததும் செட்டிநாட்டு விளிப்பெயரால்தான்.

ஆகவே, ‘பொம்மலாட்டம்’ (1968) படத்தில் வி. குமார் இசையில் அவர் பாடிய புகழ்பெற்ற பாடல் தாய்வழக்கின் பதிவன்று; கேட்டுக் கற்ற வழக்கொன்றின் நடிப்பு. ‘அண்டை’ என்பது ‘ஆண்ட’ என்று இடவுருபாதல், ‘கொண்டு’ என்பது ‘கினு’ ஆதல், ‘இருக்கிறது’ என்பது ‘கீது’ ஆதல் போன்ற சில கூறுகளையே மேடையும் திரையும் சென்னைத் தமிழின் அடையாளமாகக் கொண்டன. இயல்பாகப் பேசுவோர் கேட்பவருக்கேற்ப இவற்றைக் கூட்டியும் குறைத்தும் பேசுவர். நகைச்சுவை நடிகைக்கு அவ்வுரிமை இல்லை. கடைசி வரிசையில் இருப்பவருக்கும் அடையாளம் விளங்க வேண்டும். இச்செறிவைக் கள ஆய்வுத் தரவாகக் கொள்வது பிழை.

அதே 1968இல் வெளிவந்த ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தின் ஜில் ஜில் ரமாமணியையே இக்கட்டுரையாளர் அவரது தலைசிறந்த பாத்திரமாகக் கருதுகிறார். இங்கு நகை சொல்லில் இல்லை. உயிரொலிகளை நீட்டுவதிலும், மூக்கொலியிலும், வாக்கிய இறுதியை இழுத்து நிறுத்துவதிலும் உள்ளது. எழுத்துப்படியை மட்டும் கொண்டு மொழிபெயர்ப்பவர் கைக்கு இவற்றுள் ஒன்றும் அகப்படாது. நாடகக்காரி ஒருத்தியை, மேடையில் வளர்ந்த நடிகை எள்ளாமல் நகையாடியிருக்கிறார்.

‘சம்சாரம் அது மின்சாரம்’ (1986) வேறுவகைச் சிக்கலைத் தருகிறது. நடுத்தரக் குடும்பத்தினர் பொதுப்பேச்சுத் தமிழில் உரையாட, பணிப்பெண் கண்ணம்மா மட்டும் சென்னைத் தமிழ் பேசுகிறாள். உழைப்போர் வழக்கைச் சிரிப்பிற்கு ஒதுக்கும் பழக்கம் இதில் வெளிப்படையாகவே உள்ளது. ஆயினும் வீட்டார் எதிர்கொள்ளத் தயங்கும் சம்பந்தியை வாயடைக்கச் செய்பவள் அவளே. அவ்வழக்கே அவளுக்குக் கருவி.

இவ்வுரையாடல்களைப் பிறமொழிக்குக் கொண்டுசெல்வது எவ்வாறு? ஐதராபாத்தின் மெட்டுகுடாவில் இருந்துகொண்டு எண்ணிப் பார்க்கையில் ஒரு முரண் புலப்படுகிறது. ‘நாஸ்டா’, ‘பேஜார்’, ‘ஜல்தி’ ஆகியவை சென்னைத் தமிழில் சிரிப்பூட்டும் சொற்கள். இவற்றின் மூலவடிவங்கள் இந்நகரத்து உருதுவில் அன்றாடச் சொற்கள்; காலை உணவை ‘நாஸ்தா’ என்றால் இங்கு எவரும் நகைப்பதில்லை. எனவே சொல்லைச் சொல்லாகவே பெயர்த்தால் பொருள் நிற்கும், நகை போய்விடும். மாறாகத் தக்கனி வழக்கை நிகராக வைக்கலாமெனில், இந்தித் திரைப்படம் அதனையும் முன்பே சிரிப்பிற்கு ஒதுக்கிவிட்டது. ‘கும்நாம்’ (1965) படத்தில் மெஹ்மூத் பேசியது அவ்வழக்கே. மனோரமா அவருடன் ‘குன்வாரா பாப்’ (1974) என்னும் இந்திப் படத்தில் நடித்தார் என்பதும் இங்கு நினைக்கத்தக்கது.

கண்ணம்மாவுக்குத் தக்கனி பொருந்தும் என்பது இக்கட்டுரையாளர் கருத்து. இகழ்ச்சியும் எதிர்ப்பும் ஒருங்கே அதில் அமையும். ரமாமணிக்கு அது சிறிதும் ஒவ்வாது. அவளுக்கு வேண்டுவது ஒரு வழக்கன்று, ஒரு குரல்.