ஆளில்லாக் கடையிற் பாவைகள்

பாவை என்னும் சொல்லைத் தமிழர் பெண்ணுக்கும் பொம்மைக்கும் கண்மணிக்கும் ஒருங்கே வழங்கினர். அவ்வாறு வழங்கிய மொழியில், உயிருள்ளது போன்ற உருவம் அதனாலேயே அச்சந்தருவதாய் இருந்திராது எனக் கருத இடமுண்டு. நற்றிணை 201ஆம் பாடலிற் பரணர் காட்டும் கொல்லிப்பாவை இதற்குச் சான்று. காற்று மோதினும், இடி விழினும், நிலம் நடுங்கினும் அது தன் வனப்புக் குன்றாது நிற்கின்றது. மலையிலே தனித்து நின்றும் அது தனிமையுற்றதாய்த் தோன்றவில்லை. அது எவர் வரவையும் எதிர்நோக்கி நிற்பதன்று.

திருகோணமலைத் துறைமுகத்தை அண்டிய கடைத்தெருக்களிற் காணும் புடைவைக்கடைப் பொம்மைகளின் நிலை வேறு. கையைச் சற்றே நீட்டி, தலையை ஒருபுறம் சாய்த்து நிற்கும் அந்நிலை வாங்குவோர் ஒருவரை முன்வைத்தே அமைந்தது. 2020 மார்ச் 20இல் நாடெங்கும் ஊரடங்குச் சட்டம் பிறந்தது. சித்திரைப் புத்தாண்டும் பூட்டிய கதவுகளுக்கு வெளியே வந்து கழிந்தது. கண்ணாடிக்குப் பின்னால், வராத ஒருவருக்கு உடுப்புக் காட்டியபடி நின்றன பொம்மைகள்.

இத்தகைய உருவங்கள் உயிருடையனவோ அல்லவோ என்னும் ஐயமே அச்சத்துக்குக் காரணம் என்றார் யென்ட்ஷ் என்னும் செர்மானிய உளவியலாளர் (1906). அது மெழுகுருவங்களுக்குப் பொருந்தலாம். புடைவைக்கடைப் பொம்மையை உயிருள்ளதென எவரும் மயங்குவதில்லை. ஆயினும் நெஞ்சு துணுக்குறுகின்றது. அஜே என்பார் 1925இல் எடுத்த பாரிஸ் நகரக் கடைச்சாளரப் படங்களிலும், பொம்மைகளின் புன்னகையைவிட அதை ஏற்பார் இல்லாமையே நம்மை உறுத்துகின்றது.

இவ்வுணர்வைத் தமிழில் மிக அணுகியவர் கடியலூர் உருத்திரங்கண்ணனார். அகநானூற்று 167ஆம் பாடலில், ஊர் பாழாயிற்று, யானை உராயப் பொதியிலின் உத்தரம் விழுகின்றது, புறா அகல்கின்றது, சுவரில் எழுதப்பட்ட கடவுளும் நீங்கிவிடுகின்றது. மெழுகாத திண்ணையில் ஈன்ற நாய் கிடக்கின்றது. மக்கள் போனபின் அவர்தம் ஓவியத்துக்கும் அங்கு வேலையில்லை என்பதைப் புலவர் உணர்ந்திருக்கிறார். ஓவியக் கடவுளுக்கு அவர் அளித்த விடுதலை கடைப்பொம்மைக்கு இல்லை.

1942 ஏப்ரல் 9இல் யப்பானிய விமானங்கள் இத்துறைமுகத்தைத் தாக்கியபோதும், 1990இற் போர் மீண்டும் மூண்டபோதும் இவ்வூரார் பலர் உள்ளதை உள்ளபடி விட்டு வெளியேறினர். நம் இடப்பெயர்வுக் கதைகளிற் பெரும்பாலானவை வெளியேறியோரையே பின்தொடர்கின்றன. அது குறையன்று, ஆனால் பூட்டிய அறையினுள் எஞ்சியவற்றை ஒருகணம் நின்று நோக்கும் கண், அந்தச் சங்கப் புலவருக்கு இருந்த அளவுகூட நம் கதாசிரியர்க்கு இன்னும் வாய்க்கவில்லை.