நிலாவில் ஒளிந்தவர்களும் பெருமுக்கல் மலையும்

திண்டிவனத்திலிருந்து மரக்காணம் போகும் வழியில் பெருமுக்கல் மலை. 1760 ஜனவரியில் பிரெஞ்சுத் தளபதி லாலி வந்தவாசியில் தோற்றார். அடுத்த சில வாரங்களில் இந்த மலைக்கோட்டையும் ஆங்கிலேயர் கைக்குப் போனது. லாலி ஜெயிச்சிருந்தா? திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் பிரெஞ்சு போர்டு தொங்கியிருக்கும் என்று சிரிக்கலாம். அந்தச் சிரிப்பை வச்சு என்ன பண்ணப்போறோம் என்பதுதான் இந்த வகைக் கதைகளின் சிக்கல்.

பின்லாந்து இயக்குநர் டிமோ வூரென்சோலாவின் 'அயர்ன் ஸ்கை' (2012) அங்கேதான் தடுமாறுகிறது. 1945இல் தோற்ற நாஜிகள் நிலவின் மறுபக்கத்தில் ஒளிந்து, 2018இல் பூமிமேல் படையெடுக்கிறார்கள். சுமார் 75 லட்சம் யூரோ பட்ஜெட்டில் ஏறக்குறைய 10 லட்சம் யூரோ ரசிகர்கள் போட்டது.

நமக்கு இது புதுசில்லை. 1976இல் ஷ்யாம் பெனகலின் 'மந்தன்' படத்துக்கு குஜராத்தின் 5 லட்சம் பால் உற்பத்தியாளர்கள் ஆளுக்கு 2 ரூபாய் கொடுத்தார்கள். அவர்கள் பணம் போட்டது தங்கள் வாழ்க்கைக்கு. 'அயர்ன் ஸ்கை' ரசிகர்கள் பணம் போட்டது 'நிலாவில் நாஜிகள்' என்ற ஒற்றை வரிக்கு. அதனால் படம் அந்த வரியைத் தாண்டத் தயங்குகிறது. கறுப்பின விண்வெளி வீரருக்கு ஊசி போட்டு வெள்ளையாக்குகிறார்கள். யாரைப் பார்த்துச் சிரிக்கணும்னு படத்துக்கே தெரியல. விண்கலத்தில் ஆயுதம் வைக்காத ஒரே நாடு பின்லாந்து என்பது நல்ல ஜோக்தான். ஆனா எடுத்தவங்க தங்களுக்கே தட்டிக்கொடுத்துக்கிற ஜோக்.

ஒரு விஷயத்துக்காக மட்டும் படத்தை மன்னிக்கலாம். நிலவில் வளர்ந்த ஆசிரியை ரெனாட்டா, சாப்ளினின் 'தி கிரேட் டிக்டேட்டர்' படத்தைச் சில நிமிடத் துண்டாகத்தான் பார்த்திருக்கிறாள். உலக உருண்டையோடு ஆடும் தலைவரைப் பார்த்து அதைப் புகழ்ச்சி என்றே நம்புகிறாள். பூமிக்கு வந்து முழுப் படத்தையும் பார்த்ததும் நொறுங்கிப்போகிறாள். விண்கலம், லேசர் எதுவும் தராத அதிர்ச்சியை ஒரு கத்தரிக்கோல் தருகிறது.

பெருமுக்கலுக்குத் திரும்புவோம். லாலி ஜெயித்திருந்தால் கொடி மாறியிருக்கும். இரண்டு படையிலும் நின்ற நம்மூர் சிப்பாய்களுக்கு என்ன மாறியிருக்கும்? பாடப்புத்தகத்தில் அவர்கள் வெட்டப்பட்ட பகுதி. தமிழில் யாராவது ஊர் கூடிக் காசு போட்டு மாற்று வரலாற்றுப் படம் எடுத்தால், அங்கிருந்து தொடங்கட்டும். நாமும் ரெனாட்டா மாதிரி துண்டுப் படத்தைத்தானே பார்த்துக்கிட்டிருக்கோம்?