நாலாவதாக வந்தவர்

பெடோங் பக்கம் தோட்டப் பள்ளியில் படித்தபோது, விளையாட்டுப் போட்டி நாளில் மைலோ லாரி வரும். எங்களுக்குத் தெரிந்த ஒரே ஊக்கமருந்து அதுதான். திடலில் வேகமா ஓடுறவனுக்கு 'பென் ஜான்சன்' என்று பட்டப்பெயர். ஜான்சன் மாட்டிய பிறகும் அந்தப் பெயர் போகவில்லை.

டேனியல் கோர்டனின் '9.79*' (2012) ஆவணப்படம் பார்த்தபோது அதுதான் ஞாபகம் வந்தது. 1988 செப்டம்பர் 24, சியோல், 100 மீட்டர் இறுதி ஓட்டம். ஜான்சன் 9.79 வினாடியில் ஓடினார். மூன்றே நாளில், சிறுநீரில் ஸ்டானோசோலால் இருந்ததென்று தங்கம் பறிபோனது. அன்று ஓடிய எட்டுப் பேரையும் கோர்டன் தேடிப் பிடித்துப் பேச வைத்திருக்கிறார். படத்தின் பலம் அது. கார்ல் லூயிஸ் அதே ஆண்டு அமெரிக்கத் தேர்வுப் போட்டியில் சோதனையில் சிக்கி மன்னிக்கப்பட்டவர். கிறிஸ்டி, மிட்செல் இருவருக்கும் பின்னாளில் தடை. எட்டில் ஆறு பேர்மேல் ஏதோ ஒரு கட்டத்தில் மருந்துக் கறை. பார்க்கப் பார்க்க ஜான்சன்மேல் இரக்கம் வருகிறது. ஜமைக்காவில் பிறந்து கனடாவுக்குக் குடிபெயர்ந்தவர். ஜெயிச்சப்போ கனடியன், மாட்டினதும் ஜமைக்கன். இந்தக் கணக்கு நமக்குப் புரியாதா என்ன?

ஆனால் அந்த இரக்கத்தோடுதான் எனக்குச் சண்டை. 'எல்லாரும்தானே போட்டாங்க' என்ற இடத்தில் அது நம்மைக் கொண்டுபோய் விடுகிறது. எல்லாரும் இல்லை. 9.99இல் நாலாவதாக வந்த கால்வின் ஸ்மித் 1983இல் 9.93 ஓடி உலக சாதனை படைத்தவர். முதல் ஐந்து பேரில் கறைபடாதவர் அவர் மட்டும்தான். ஜான்சன் நீக்கப்பட்டதால் வெண்கலம் கிடைத்தது. படம் அவரிடம் வருகிறது, போகிறது, தங்குவதில்லை. ஜான்சன், லூயிஸ் பகையில்தான் சுவாரசியம் இருக்கிறதாம்!

இப்படி மறப்பதில் நாமும் லேசுப்பட்டவர்கள் இல்லை. மணி ஜெகதீசன் 1966 பாங்காக் ஆசியப் போட்டியில் மூன்று தங்கம் வென்றவர். கோடைக்கால ஒலிம்பிக்கில் ஊக்கமருந்துச் சோதனை தொடங்கியது 1968 மெக்சிகோவில். அங்கே 200 மீட்டரை அவர் ஓடிய 20.92 வினாடி, 49 ஆண்டுகள் மலேசிய சாதனையாக நின்றது. டாக்டரான பிறகு ஆசிய ஒலிம்பிக் மன்றத்தில் மருத்துவ, ஊக்கமருந்துத் தடுப்புப் பொறுப்புகளையும் வகித்தார். ஓடியவரே சோதனைக் குப்பியின் மறுபக்கம் போய் நின்ற கதை! இதை யாராவது படமாக எடுத்தால் என்ன?

சுங்கைப்பட்டாணியில் என் டியூஷன் பிள்ளைகளிடம் கேட்டேன். போல்ட்டை எல்லாருக்கும் தெரியும். பென் ஜான்சனைக்கூட இரண்டு பேருக்குத் தெரிந்தது.

"ஜெகதீசனா? யாரு சார் அது?"