இரண்டு தடம்

பேருந்து நிலையப் பெட்டிக்கடையில் கிளிப் மாட்டித் தொங்கும் க்ரைம் நாவலைக் கையில் எடுத்தாலே ஒரு சுகம். சாணித்தாளின் சொரசொரப்பு, முதுகில் குத்திய இரண்டு பின், விரலில் ஒட்டும் மை. கோவைக்காரர் ராஜேஷ்குமாரின் இரட்டைத்தடக் கதைகள்தான் எனக்கு அலுக்காதவை. ஒரு அத்தியாயத்தில் கதவு மெல்லத் திறக்கும். உள்ளே யார் என்று சொல்லாமலே முடிந்துவிடும். அடுத்ததைப் புரட்டினால் வேறு ஊர், வேறு ஆட்கள். எரிச்சல்தான், ஆனால் வைக்க மனம் வராது. கடைசிப் பக்கங்களில் இரண்டு தடமும் முட்டிக்கொள்ளும்போது, முன்பு போகிறபோக்கில் சொன்ன ரசீதோ கைக்கடிகாரமோ சட்டென்று நினைவுக்கு வரும். எல்லா முடிச்சும் அழகாக அவிழ்வதில்லை. சிலவற்றில் துப்பறியும் விவேக் மூச்சுவிடாமல் விளக்கித் தள்ளுவார். அதற்குள் நாம் இறங்கவேண்டிய நிறுத்தம் தாண்டிப் போயிருக்கும்.