இருபத்து மூன்றாவது ஆள்

ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் வேலை பார்க்கும் நண்பரிடம் பேச்சுவாக்கில், "மானுவல் ஆரன் தெரியுமா?" என்று கேட்டேன். "எந்த டேனரி சார்?" என்றார். குறை சொல்ல மாட்டேன். வாணியம்பாடியிலிருந்து ராணிப்பேட்டை வரை அந்தப் பக்கத்தில் ஒருவர் பெயரைச் சொன்னால் அப்படித்தான் கேட்பார்கள். ஆனால் அவர் பையன் செஸ் ஆடுகிறவன். 2024 டிசம்பர் 12-ல் சிங்கப்பூரில் குகேஷ் டிங் லிரெனைக் கவிழ்த்த கடைசி ஆட்டத்தை மூவ் மூவாக ஒப்பிக்கிறான். அவனுக்கும் ஆரனைத் தெரியவில்லை.

உங்களுக்குத் தெரியும் என்றால் இந்தப் பக்கத்தைத் தாண்டி ஜோக்ஸுக்குப் போய்விடலாம். மற்றவர்களுக்கு:

1935 டிசம்பர் 15-ம் தேதி, மாக்ஸ் யூவ் என்ற டச்சுக் கணக்கு வாத்தியார், ரஷ்யாவில் பிறந்த மகா மேதை அலெகைனைத் தோற்கடித்து உலக சாம்பியன் ஆனார். சரியாகப் பதினைந்து நாள் கழித்து பர்மாவில் டவுங்கூ என்ற ஊரில் ஒரு குழந்தை பிறந்தது. இருபத்தைந்து வருஷம் போய், 1960-ல் லைப்ஸிக் ஒலிம்பியாடில் அந்தக் குழந்தை யூவையே ஜெயித்தது. அதுதான் ஆரன். தமிழ்நாட்டில் வளர்ந்தவர். 1961-ல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர். 1959-க்கும் 1981-க்கும் இடையில் ஒன்பது முறை தேசிய சாம்பியன். செஸ்ஸுக்காக அர்ஜுனா விருது வாங்கிய முதல் ஆள்.

இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் ஒரே காரியத்தைத்தான் செய்கிறார்கள். இரண்டு பாராவில் ஆரனை முடித்துவிட்டு, 'ஆனந்துக்கு வழி போட்டவர்' என்று ஒரு மாலையைப் போட்டுவிட்டு, மிச்சப் பக்கங்களில் ஆனந்தைப் பற்றி எழுதுவார்கள். எனக்கு இது பிடிக்கவில்லை. ஒரு மனுஷனை இன்னொருவருக்கு முன்னுரையாக ஆக்குவது மரியாதை மாதிரி தெரியும். கொஞ்சம் யோசித்தால் அலட்சியம். அவர் ஆட்டக்காரர். ஆட்டக்காரராகவே எடை போடுவோம்.

எடை போட சரியான இடம் ஸ்டாக்ஹோம், 1962. உலக சாம்பியன் பதவிக்குப் போகும் ஏணியில் இன்டர்சோனல் என்ற படி. 23 பேர், ஆளுக்கு 22 ஆட்டம். மங்கோலியாவின் சுகென் மோமோவையும் ஆஸ்திரேலியாவின் பர்டியையும் தாண்டி ஆரன் அங்கே போய்ச் சேர்ந்தார். ஃபிஷர் ஒரு ஆட்டம்கூடத் தோற்காமல் பதினேழரை பாயின்ட் எடுத்து முதலாவது. நம்மவர் 23-வது. அதாவது கடைசி.

இதை மறைத்து எழுதும் கட்டுரைகளைப் பார்த்திருக்கிறேன். அவசியமே இல்லை. ஏனென்றால் அந்தக் கடைசி ஆள் ஜெயித்த இரண்டு பேர் யார் தெரியுமோ? ஒருவர் கிழக்கு ஜெர்மனியின் உல்மான்; ஃபிரெஞ்ச் டிஃபென்ஸ் என்றாலே உலகம் இவர் பெயரைச் சொல்லும். இன்னொருவர் ஹங்கேரியின் போர்டிஷ். பிற்பாடு எட்டு முறை கேண்டிடேட்ஸ் வரை போனவர். இந்த இரண்டு பேரையும் ஒரே டோர்னமென்ட்டில் ஜெயித்துவிட்டுக் கடைசியில் வருவது லேசான காரியமில்லை!

இதில்தான் ஆரனின் பலமும் குறையும் சேர்ந்தாற்போல் இருக்கின்றன. ஒரு நாள், ஒரு போர்டு, ஒரு எதிரி என்றால் அவருக்கு கிராண்ட்மாஸ்டர் பலம் உண்டு. இருபத்திரண்டு ரவுண்டுக்கு அது நீடிக்கவில்லை. மோசமாக ஆடுகிற நாளில், கெட்டுப்போன பொசிஷனிலிருந்து அரை பாயின்ட்டைத் திருடிக்கொண்டு வருவதுதான் கிராண்ட்மாஸ்டரின் வேலை. அந்த அரைகள் அவரிடம் குறைவு. உள்ளூரில் ஒன்பது பட்டம் என்பதிலும் ஒரு மறுபக்கம் இருக்கிறது. நாட்டின் அடுத்த இன்டர்நேஷனல் மாஸ்டர் ரவிகுமார் வந்தது 1978-ல். பதினேழு வருஷம்! இடையில் இவரை உலுக்கி எடுத்து மேலே தள்ள ஆள் போதவில்லை. தனியாக ஓடுகிற குதிரைக்கு வேகம் எங்கிருந்து வரும்?

ஸ்டாக்ஹோமுக்கு அதே சமயம் பெட்ரோசியன், கெல்லர், கோர்ச்னாய், ஸ்டெயின் என்று நாலு சோவியத் ஆட்டக்காரர்கள் வந்திருந்தார்கள். அவர்களுக்குப் பின்னால் ஒரு அரசாங்கமே உட்கார்ந்திருந்தது. சம்பளம், பயிற்சியாளர், பத்திரிகை, எந்த எதிரி எந்த ஓபனிங்கில் தடுமாறுவான் என்கிற விவரம். நம் ஊரில் அப்போது பாதிப் பேர் இந்திய முறை செஸ்தான் ஆடிக்கொண்டிருந்தார்கள். சிப்பாய்க்கு முதல் மூவில் இரண்டு கட்டம் கிடையாது. செக் வாங்காத ராஜா ஒரே ஒரு தடவை குதிரை மாதிரி தாண்டலாம். அழகான ஆட்டம், ஆனால் ஏலூருவைத் தாண்டினால் செல்லாத காசு. (ஏலூருவில்தான் 1955-ல் முதல் தேசிய சாம்பியன்ஷிப் நடந்தது.) சர்வதேச விதிகளை இங்கே பழக்கத்துக்குக் கொண்டுவந்ததில் ஆரனுக்குப் பெரிய பங்கு.

ரஷ்யர்களிடம் நாம் என்ன பார்த்தோம்? மேதைமை. மிகயீல் தால் 1960-ல் 23 வயசில் போட்வின்னிக்கை வீழ்த்தி உலக சாம்பியன் ஆனதும், காய்களை அள்ளி அள்ளி பலி கொடுத்து ஆடியதும் உலகமே மாய்ந்து போனது. ஆனால் தால் வானத்திலிருந்து குதிக்கவில்லை. ரிகாவில் சிறுவர்களுக்கான பயனியர் மாளிகையில், இலவசமாக, ஒரு அறையில், ஒரு வாத்தியாரிடம் ஆடிப் பழகினார். ஸ்பாஸ்கிக்கு லெனின்கிராடில் அதே மாதிரி இன்னொரு மாளிகை. அந்த அறையைத்தான் ஆரன் கவனித்தார் என்று நினைக்கிறேன். 1972-ல் சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் ஒரு செஸ் கிளப் தொடங்கினார். பெயர், தால் செஸ் கிளப்.

இப்போது ஆம்பூருக்குத் திரும்பலாம். எழுபது எண்பதுகளில் இந்தியத் தோல் சரக்கை அதிகம் வாங்கிய தேசங்களில் சோவியத் யூனியனும் உண்டு. டாலர் தேவையில்லை, ரூபாய்க் கணக்கு. 1973 வாக்கில் நம் அரசாங்கம் பாதி பதனிட்ட தோலை அப்படியே அனுப்பக்கூடாதென்று கட்டுப்படுத்தியதும், பாலாறு ஓரத்து ஊர்களில் முழுசாக ஃபினிஷ் செய்த தோல், ஷூவின் மேல்பாகமான அப்பர் என்று வேலை வளர்ந்தது. இங்கிருந்து ஷூவும் அப்பரும் ரஷ்யா போயின. அங்கிருந்து மலிவு விலையில் வழவழ தாளில் புத்தகங்கள் நியூ செஞ்சுரி கடைகளுக்கு வந்தன. இரண்டுக்கும் நேரடி சம்பந்தம் உண்டென்று சத்தியம் செய்ய மாட்டேன். ஆனாலும் ஒரே நட்பின் இரண்டு கைகள்தானே? நாம் ஷூவைக் கொடுத்து வாங்கியவற்றில் உருப்படியானது அந்த கிளப் அறை என்பது என் கணக்கு.

அங்கே ஆறேழு வயசுப் பையன் ஒருவனை அவன் அம்மா கூட்டிக்கொண்டு வந்தார். சுசீலா அம்மாள்தான் மகனுக்கு ஆட்டம் சொல்லிக்கொடுத்த குரு. ஆரன் இல்லை. 'ஆனந்தின் குரு ஆரன்' என்று எழுதுகிறவர்கள் தயவுசெய்து நிறுத்திக்கொள்ளவும். அந்த அம்மாளுக்குச் செய்கிற அநியாயம். கிளப்பில் நடந்தது வேறு: பிளிட்ஸ் ஆட்டம். ஜெயித்தவன் நாற்காலியில் இருப்பான், தோற்றவன் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். ஆனந்தின் அந்த அசுர வேகத்துக்கு இந்த வரிசைதான் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது. எழுந்திருக்கப் பிடிக்காத பையன் வேகமாக யோசித்துத்தானே ஆக வேண்டும்? 1988-ல் அவர் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர். ரஷ்யர்கள் சாம்ராஜ்யம் நடத்திய அந்த சிம்மாசனத்தில் 2008-ல் க்ராம்னிக்கை பான் நகரத்தில் வைத்து நாலரைக்கு ஆறரை என்று ஜெயித்தது நமக்கெல்லாம் தெரிந்த கதை.

எனக்கு இருக்கிற ஆதங்கம் வேறு. ஆம்பூர் நண்பரின் மனைவியும் ஷூ கம்பெனியில்தான். காலையில் கம்பெனி பஸ் ஏறினால் சாயங்காலம்தான் வீடு. பையனை ஆன்லைன் கோச்சிங்கில் சேர்த்திருக்கிறார்கள். மாசா மாசம் ஃபீஸ் கட்டும் தேதி வந்தால் வீட்டில் முணுமுணுப்பு. போட்டிக்கு சென்னை போய் வர லீவ், ரயில், சாப்பாடு. 2022-ல் போர் காரணமாக ரஷ்யாவிடமிருந்து பிடுங்கி மாமல்லபுரத்துக்கு ஒலிம்பியாடைக் கொண்டுவந்தோம், நேப்பியர் பாலத்துக்குக் கறுப்பு வெள்ளை அடித்தோம், தம்பி என்று குதிரைக்கு வேட்டி கட்டினோம். எல்லாம் ஜோர். 2024-ல் புடாபெஸ்டில் ஆண், பெண் இரண்டு தங்கமும் நமக்கே. ஆனால் அந்தப் பையனுக்கு வேண்டியது ஒரு ஹால், பத்து போர்டு, தன்னைத் தோற்கடித்து வரிசைக்கு அனுப்பப் பத்துப் பேர். ஆரன் 1972-ல் சம்பாதித்துக் கொடுத்தது அவ்வளவுதான். அதையே ஐம்பது வருஷம் கழித்து ஒரு தோல் ஊர் தன் பிள்ளைகளுக்கு ஏற்பாடு செய்ய முடியாதா என்ன? கல்யாண மண்டபங்களுக்குக் குறைச்சலே இல்லாத ஊர்கள்.

இன்னொரு விஷயம். 2024-ல் ஃபிடே, மறைந்த மீர் சுல்தான் கானுக்கு கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தது. பிரிட்டிஷ் சாம்பியன்ஷிப்பை மூன்று முறை தட்டிக்கொண்டு வந்த பஞ்சாபிக்காரர், தகுதியான மரியாதை. அதே போல ஆரனுக்கும் கேட்கலாமே என்கிறார்கள். நான் கேட்க மாட்டேன். அவர் பெயருக்கு முன்னால் இருக்கும் ஐ.எம். என்ற இரண்டெழுத்து, பர்டியை நேருக்கு நேர் ஜெயித்து வாங்கியது.

ஸ்டாக்ஹோம் 1962-ன் பாயின்ட் அட்டவணை நெட்டில் கிடைக்கிறது. ஃபிஷரை விட்டுவிட்டு நேராகக் கீழே வாருங்கள். கடைசி வரியில் பூஜ்யங்களுக்கு நடுவே இரண்டு '1' இருக்கும். நிமிர்ந்து அந்தக் கட்டங்களுக்கு மேலே யார் பெயர் என்று பாருங்கள்.